நாகமாணிக்கம்: கடைக்கு வருகிறவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

மலேசியாவின் பேராக் மாநிலத்தில், சுங்கை சிப்புட் டவுனில் ஒரு நகைக்கடையில் கல் பதிக்கும் வேலை பார்க்கிறேன். லிந்தாங், எல்ஃபில் பக்கத்துத் தோட்டங்களிலிருந்து தாலி மாற்ற, தோடு பழுது பார்க்க வருகிறவர்கள் வேலை முடிந்ததும் கொஞ்சம் தயங்கி நிற்பார்கள். அப்புறம் மடியிலிருந்து ஒரு கல் வெளியே வரும், அல்லது கைப்பேசியில் ஒரு வீடியோ. "அண்ணே, இது நாகமாணிக்கமா?" கேள்விகள் எப்போதும் ஏறக்குறைய ஒன்றேதான். அதனால் அவர்கள் கேட்டபடியே எழுதி, எனக்குத் தெரிந்த பதிலை இங்கே வைத்திருக்கிறேன்.

நாகமாணிக்கம்னா என்ன அண்ணே? நாகரத்தினம் வேற, நாகமணி வேறயா?

மூன்றும் ஒன்றுதான். ஊருக்கு ஒரு பெயர். கதை இப்படிப் போகும்: ஒரு நல்ல பாம்பு யாரையும் தீண்டாமல் பல வருஷம் வாழ்ந்தால், அதன் விஷம் இறுகிக் கல்லாகிவிடும். இரவில் அந்தக் கல்லைக் கக்கி வைத்துவிட்டு, அதன் வெளிச்சத்தில் பாம்பு இரை தேடும். இரை கிடைத்ததும் திரும்ப விழுங்கிக்கொள்ளும். கல் யார் கையில் இருக்கிறதோ அவருக்குச் செல்வம் கொட்டும், விஷம் ஏறாது.

அதை எடுக்கும் வழியும் கதையிலேயே இருக்கிறது. மரத்தின் மேல் உட்கார்ந்திருந்து கல்லின் மேல் சாணியைப் போட வேண்டும். வெளிச்சம் மறைந்ததும் பாம்பு தடுமாறி, தலையை அடித்துக்கொண்டு செத்துவிடும். விடிந்ததும் இறங்கி எடுத்துக்கொள்ளலாம். லயத்து வீடுகளில் பாட்டிமார் சொன்னது பெரும்பாலும் இந்தக் கதைதான்.

சரி, நேரா சொல்லுங்க. இருக்கா, இல்லையா?

இல்லை. எந்தப் பாம்பின் தலையிலும், படத்திலும், வயிற்றிலும் ஒளிவிடும் மணி கிடையாது. கதையில் இருக்கிறது, பாட்டில் இருக்கிறது, கோயில் சிற்பத்தில் இருக்கிறது. அங்கே அது அழகாகவும் இருக்கிறது. விலை சொல்லி விற்க ஆரம்பிக்கும்போதுதான் யாரோ ஒருவர் ஏமாறுகிறார், அல்லது ஒரு பாம்பு சாகிறது. இந்தப் பக்கத்தை நான் எழுதுவதற்குக் காரணமே அதுதான்.

எப்படி அவ்வளவு உறுதியா சொல்றீங்க? மாட்டு வயித்துல கோரோசனை இருக்கு, சிப்பிக்குள்ள முத்து இருக்கு. பாம்புக்குள்ள மட்டும் ஏன் இருக்கக்கூடாது?

நியாயமான கேள்வி. உயிர்களுக்குள் கல் உண்டாவது உண்மைதான். கோரோசனை என்பது மாட்டின் பித்தப்பையில் சேரும் கல். முத்து, சிப்பி தன் ஓட்டின் உள்பக்கம் பூசும் அதே பொருளை அடுக்கடுக்காகப் பூசி உருவாவது. ஆனால் உடம்புக்குள் சேரும் கல் அந்த உடம்பில் ஓடும் பொருளால்தான் ஆகியிருக்கும். பாம்புக்கு மூத்திரப்பை கிடையாது. கழிவு யூரிக் அமிலமாக, சுண்ணாம்பு போல வெள்ளையாக வெளியேறும். நோய் வந்தால் அந்த வெள்ளைப் படிவு உள்ளே தங்கலாம். அது உதிரும், ஒளிராது.

விஷம் என்பது புரதங்கள் நிறைந்த திரவம். காய வைத்தால் மஞ்சள் நிறப் பொடியும் செதிலுமாகும். அது மாணிக்கமாவதற்கு வழியே இல்லை. மாணிக்கம் என்பது அலுமினிய ஆக்சைடு, அதில் சிறிது குரோமியம். நிலத்துக்கு அடியில் பெரும் சூட்டிலும் அழுத்தத்திலும் விளைவது.

இடமும் இல்லை. நாகத்தின் படம் என்பது கழுத்து விலா எலும்புகள் விரிந்து தோலை இழுத்துப் பிடிப்பது, அவ்வளவுதான். உள்ளே பை எதுவும் கிடையாது. தலை எலும்புகளோ தலையைவிடப் பெரிய இரையை விழுங்குவதற்காகத் தளர்வாகக் கோத்திருப்பவை. கோழி முட்டை அளவு கல் என்று விற்கிறார்களே, அந்த அளவுக்குத் தலையே பல பாம்புகளுக்கு இருக்காது.

இன்னொன்று. கதையில் வரும் பாம்பு, படத்தின் பின்னால் மூக்குக்கண்ணாடி போல வரைகோடு உள்ள இந்திய நல்ல பாம்பு. அது மலேசியக் காட்டில் கிடையாது. நம் செம்பனைத் தோட்டங்களில் இருப்பது விஷத்தைப் பீய்ச்சும் கருநாகம். வடக்கு மாநிலங்களில் படத்தின் பின்னால் ஒற்றை வட்டம் உள்ள நாகமும் உண்டு. அப்புறம் ராஜநாகம். "ஊரிலிருந்து வந்த பாம்பு" என்று யாராவது விளக்கம் சொன்னால் அங்கேயே நிறுத்திவிடலாம்.

சங்க காலத்துலயே பாடியிருக்காங்களே? அவங்க பொய் சொல்வாங்களா?

பொய் சொல்லவில்லை, உவமை சொன்னார்கள். குறுந்தொகையில் ஒரு பாட்டில் மலைப்பக்கம் காந்தள் பூத்திருக்கிறது. அந்தப் பூவின் தாதை ஊதும் தும்பி, பாம்பு உமிழ்ந்த மணி போலத் தெரிகிறது என்று தலைவி சொல்கிறாள். சிவந்து விரிந்த காந்தள் இதழ்களை ஒருமுறை பார்த்தவருக்கு அது படமெடுத்த பாம்பாகத் தெரியும். நடுவில் மின்னும் கரிய வண்டு மணியாகத் தெரியும். எவ்வளவு கூர்மையான கண்! அந்தக் கற்பனை மக்கள் வாயில் ஏற்கெனவே இருந்ததால்தான் புலவர் ஒரே வரியில் சொல்லிவிட்டுப் போக முடிந்தது.

ஆறாம் நூற்றாண்டில் வராகமிகிரர் எழுதிய பிருகத் சம்ஹிதையிலும் முத்து பிறக்கும் இடங்களில் சிப்பி, சங்கு, மூங்கில், யானை, பன்றி, மேகம் இவற்றோடு பாம்பும் வருகிறது. மேகத்திலிருந்து முத்து விழுவதை இன்று நாம் நம்புவதில்லை. அந்த வரிசையில் பாம்பை மட்டும் தனியாக எடுத்து நம்ப வேண்டியதில்லை.

எங்க தாத்தா விடியக்காலம் பால் மரம் வெட்டப் போனப்ப, காட்டுல பச்சையா ஒரு வெளிச்சத்தைப் பார்த்தாராம். அது என்ன?

உங்கள் தாத்தா பார்த்தது உண்மையாகத்தான் இருக்கும். அதை நான் மறுக்க மாட்டேன். விடிவதற்கு முன் தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு, ஆள் அரவமில்லாத நிரையில் தனியாக நடந்தவர்கள் அவர்கள். ரப்பர்க் காட்டு இருட்டில் மின்னுவதற்கு நிறைய இருக்கிறது.

முதலாவது சிலந்தி. தலைவிளக்கை மாட்டிக்கொண்டு தரையைப் பாருங்கள், புல்லுக்குள் பச்சையும் நீலமுமாகச் சின்னப் புள்ளி எரியும். கிட்டே போனால் தரையில் ஓடும் சிலந்தியின் கண். முசாங் (மரநாய்), தேவாங்கு, பக்கிப் பறவை இவற்றின் கண்கள் விளக்கு பட்டால் தணல் போலச் சிவந்து தெரியும். கண்ணுக்குப் பின்னால் வெளிச்சத்தைத் திருப்பி அனுப்பும் படலம் இருப்பதால் அப்படி. பாம்புக்கு அந்தப் படலம் கிடையாது, அதன் கண் அப்படி எரியாது.

இரண்டாவது, மட்கும் மரத்தில் வளரும் ஒளிர்காளான். விளக்கில்லாமலே மங்கிய பச்சையாக ஒளிரும். விளக்கை அடித்தால் வெறும் காளான்தான், வெளிச்சம் மறைந்துவிடும். "கிட்டே போனதும் மணியைப் பாம்பு விழுங்கிவிட்டது" என்று சொல்கிறார்களே, அந்தப் பேச்சு இதிலிருந்து வந்திருக்கலாம் என்பது என் எண்ணம். மூன்றாவது மின்மினி. கோலசிலாங்கூர் கம்போங் குவாந்தான் ஆற்றோரத்தில் பெரெம்பாங் மரம் முழுவதும் ஒரே தாளத்தில் மின்னுவதைப் பார்த்தவர்களுக்கு இதை நான் விளக்க வேண்டியதில்லை.

கல்லு வெளிச்சம் இல்லாம பாம்பு ராத்திரி எப்படி இரை புடிக்கும்?

நாக்கால். பிளவுபட்ட நாக்கை நீட்டி காற்றிலும் மண்ணிலும் உள்ள வாசனைத் துகள்களை எடுத்து, மேல்வாயில் இருக்கும் ஓர் உறுப்பில் வைக்கும். எலி எந்தப் பக்கம் போனது என்று அதிலேயே தெரிந்துவிடும். பினாங்கு பாயான் லெப்பாஸ் பாம்புக் கோயிலில் இருக்கும் விரியன் வகைக்கு இன்னும் ஒரு வசதி: கண்ணுக்கும் மூக்குக்கும் நடுவில் உள்ள குழியால் இரையின் உடல் சூட்டையே உணரும். விளக்கு தேவையில்லை.

எங்கிட்ட உள்ள கல்லு இருட்டுல நல்லா மின்னுதே? அதுவும் பொய்யா?

மின்னுவது பொய்யில்லை. ஏன் மின்னுகிறது என்பதுதான் விஷயம். விளக்கில் காட்டிவிட்டு இருட்டுக்குக் கொண்டுபோனால் மணிக்கணக்கில் பச்சையாக ஒளிர்கிறதா? அது ஸ்ட்ரோன்சியம் அலுமினேட் என்ற பொடி கலந்த கண்ணாடி அல்லது பிசின். 1990களில் ஜப்பானில் உருவாக்கப்பட்டது. அவசரக் கதவுப் பலகையில், கடிகார முள்ளில், பசார் மாலாம் என்ற இரவுச் சந்தையில் விற்கும் பிள்ளைகளின் நட்சத்திர ஒட்டிகளில் இருப்பதும் இந்த வகைதான். ஒரு வாரம் துணியில் சுற்றி டப்பாவில் போட்டு, இருட்டறையில் திறந்து பாருங்கள். ஒளிராது. வெளிச்சம் வாங்கினால்தான் வெளிச்சம் கொடுக்கும்.

நோட்டு பரிசோதிக்கும் ஊதா விளக்கில் மட்டும் மின்னுகிறதா? அசல் மாணிக்கமே அந்த விளக்கில் சிவப்பாக எரியும், குரோமியத்தால். செயற்கை மாணிக்கம் அதைவிடப் பளிச்சென்று எரியும். புளோரைட் என்ற மலிவான கனிமம் நீலமாக எரியும். அதில் ஓர் அரிய வகை உள்ளங்கைச் சூட்டிலேயே லேசாக ஒளிரும். ஆக, ஒளிர்வதை வைத்து ஒரு கல்லை அரியது என்று சொல்லவே முடியாது.

நீங்க அதை எப்படிப் பார்த்து கண்டுபிடிக்கிறீங்க?

பத்து மடங்கு பெரிதாக்கிக் காட்டும் உருப்பெருக்கிதான் முதல் கருவி. ஒரு கல்லைப் பற்றிச் சொல்கிறேன். மஞ்சள் துணியில் சுற்றி, பழைய ஃபிலிம் டப்பாவில் வைத்துக் கொண்டுவந்தார்கள். புளியங்கொட்டை அளவு, கருஞ்சிவப்பு, ஒரு பக்கம் தட்டை. விளக்கைப் பக்கவாட்டில் பிடித்துப் பார்த்தால் உள்ளே உருண்டை உருண்டையாகக் காற்றுக் குமிழிகள். ஓரத்தில் ஒரு குமிழி பாதியில் அறுபட்டு, குட்டிக் கிண்ணம் போல வாய் திறந்திருந்தது. அந்தக் கிண்ணத்துக்குள் பச்சைப் பசை கொஞ்சம் காய்ந்து ஒட்டியிருந்தது. பட்டறையில் மெருகு போட நாங்கள் பயன்படுத்தும் பசை. பாம்பு மெருகு போடாது. கல்லைச் சுற்றி அச்சின் இரண்டு பாதியும் சேர்ந்த கோடு மயிரிழை அளவுக்கு ஓடியது. வார்த்த கண்ணாடி.

குமிழி இல்லாமல் உள்ளே வளைந்த கோடுகள் தெரிந்தால் அது செயற்கை மாணிக்கம். பிரெஞ்சு வேதியியலாளர் வெர்னுயில் 1902இல் வெளியிட்ட முறையில் பொடியை உருக்கிச் சொட்டுச் சொட்டாக வளர்ப்பது. உண்மையான மாணிக்கத்தின் அதே பொருள்தான், ஆனால் விலை மிகக் குறைவு. இதைத்தான் அதிகமாக "நாகமாணிக்கம்" என்று விற்கிறார்கள். எடையிலும் தெரியும்: மாணிக்கம் தண்ணீரைப் போல நான்கு மடங்கு கனம், சாதாரணக் கண்ணாடி இரண்டரை மடங்குதான்.

வித்தவர் என் முன்னாடியே சோதிச்சுக் காட்டினார். கல்லு மேல முடியைச் சுத்தி லைட்டர்ல காட்டினா முடி எரியலையே?

ஒரு 50 சென் காசை எடுங்கள். ஒற்றை முடியை அதன் மேல் இறுக்கமாகச் சுற்றி லைட்டரைச் சட்டென்று காட்டி எடுங்கள். முடி எரியாது. சூட்டைக் காசு உறிஞ்சிக்கொள்கிறது, முடி எரியும் அளவுக்குச் சூடு ஏறுவதில்லை. கல்லும் அதைத்தான் செய்கிறது. தளர்வாகச் சுற்றினால் அதே கல்லில் அதே முடி பொசுங்கும். விற்பவர் இறுக்கிச் சுற்றுவதைக் கவனித்திருப்பீர்கள்.

பாலில் போட்டால் நீலமாகும் என்று காட்டுவதும் உண்டு. கல்லில் முன்பே தடவிய சாயம் பாலில் கரைகிறது. பாலை "குடிக்கும்" கல் என்றால் நுண்துளைகள் உள்ள கல், எந்தத் திரவத்தையும் குடிக்கும். உங்கள் வீட்டுக் கிண்ணத்தில், உங்கள் வீட்டுப் பாலில், கல்லை சோப்புப் போட்டுக் கழுவிவிட்டு நீங்களே செய்கிறேன் என்று சொல்லிப் பாருங்கள். பெரும்பாலும் "இன்றைக்கு நாள் சரியில்லை" என்று கிளம்பிவிடுவார்கள்.

வீடியோவுல பாம்பு தலையைக் கீறி கல்லை எடுக்கிறாங்களே, அதை எப்படிச் செய்வாங்க?

தோலை முதலிலேயே கீறி, கல்லை அடியில் திணித்து ஒட்டியிருப்பார்கள். காயம் கொஞ்சம் ஆறிய பிறகு கேமராவுக்கு முன்னால் மறுபடி கீறி எடுப்பார்கள். அந்தப் பாம்பின் வாய் தைக்கப்பட்டிருக்கும், அல்லது பல் பிடுங்கப்பட்டிருக்கும். கல் பொய், ஆனால் அந்த உயிர் படும் வேதனை பொய்யில்லை. தயவுசெய்து அந்த வீடியோவைத் தோட்டத்து வாட்ஸ்அப் குழுவில் அனுப்பாதீர்கள். பார்க்கிறவர்கள் கூடக் கூடத்தான் இன்னொரு பாம்பைப் பிடிக்கிறார்கள்.

பழைய ஈயக் குட்டைப் பக்கம் மண்ணுல கிடைச்ச கல்லு. யாரும் விக்கலை, நானே எடுத்தேன். இதுவுமா கண்ணாடி?

இது வேறு கதை, இதில் எனக்கு எப்போதும் ஆர்வம் உண்டு. கிந்தா பள்ளத்தாக்கு மண் கல்லுக்குப் பஞ்சமில்லாத மண். ஆறு பக்கமாக நீண்டு முனை கூர்ந்த தெளிந்த கல் என்றால் படிகம், அதாவது குவார்ட்ஸ். ஈயம், அதாவது வெள்ளீயம், அரித்த மண்ணில் மிஞ்சும் கனமான மணலை அமாங் என்பார்கள். அதில் சிர்கான், மோனசைட், இல்மனைட் என்ற கனிமங்கள் எல்லாம் உண்டு. சில இடங்களில் புஷ்பராகமும் கிடைத்திருக்கிறது. சுண்ணாம்புக் குன்றுகளின் பக்கம் கால்சைட் கிடைக்கும், அதில் சில ஊதா விளக்கில் ஒளிரவும் செய்யும்.

கறுப்பாக, மேலெல்லாம் குழி குழியாக இருந்தால் டெக்டைட்டாக இருக்கலாம். ஏறக்குறைய 8 லட்சம் ஆண்டுகளுக்கு முன் விண்கல் மோதியபோது உருகித் தெறித்த கண்ணாடி அது. தென்கிழக்கு ஆசியா முழுக்கச் சிதறிக் கிடக்கிறது, ஈய மண்ணிலும் கிடைப்பதுண்டு. ஒரு கல்லுக்கு இதைவிடப் பெரிய கதை என்ன வேண்டும்? கொண்டுவாருங்கள், பார்ப்போம்.

மலாய்க்காரங்க கெலிகான்னு சொல்றாங்களே, முள்ளம்பன்றி கல்லு. அது உண்மைன்னா இதுவும் உண்மைதானே?

கெலிகா என்பது உண்மையில் இருக்கும் பொருள். சில முள்ளம்பன்றிகளின் வயிற்றில், செரிக்காத நாரைச் சுற்றிப் படிந்து உருண்டையாகும். பழுப்பு நிறம், கசக்கும். மலாக்காவைப் போர்த்துகீசியர் ஆண்ட காலத்திலேயே இங்கிருந்து ஐரோப்பாவுக்குப் போய்ப் பெரிய விலைக்கு விற்றிருக்கிறது, விஷமுறிவு என்ற பெயரில். மூன்றாம் கேள்விக்குச் சொன்ன கோரோசனை போலத்தான் இதுவும்: உடம்பில் உள்ள பொருளால் ஆனது. ஒன்று இருப்பதால் மற்றொன்று இருக்க வேண்டும் என்று ஆகாது.

மருந்து என்று நம்பிக் காட்டு முள்ளம்பன்றியை வேட்டையாடுகிறார்கள். 2010ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி உரிமம் இல்லாமல் அது குற்றம். நாகத்தையும் ராஜநாகத்தையும் மலைப்பாம்பையும் பிடித்து விற்பதும் அப்படியே.

கல்லு ஒளிராட்டியும் பரவாயில்லை, பாம்புக் கடிக்கு வெச்சா விஷத்தை உறிஞ்சுமாமே?

இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலைத்தான் படிப்பீர்கள் என்றால் இதைப் படியுங்கள். உறிஞ்சாது. விஷக்கல் என்று விற்கும் கறுப்புக் கல் பெரும்பாலும் கரித்த எலும்பு. நுண்துளைகள் இருப்பதால் ஈரமான காயத்தில் ஒட்டிக்கொள்ளும். ஒட்டுவதைப் பார்த்து உறிஞ்சுகிறது என்று நினைக்கிறோம். விஷம் அதற்குள் தசைக்குள்ளும் நிணநீரிலும் போயிருக்கும். 17ஆம் நூற்றாண்டிலேயே இத்தாலிய மருத்துவர் பிரான்செஸ்கோ ரெடி, இந்தியாவிலிருந்து துறவிகள் கொண்டுபோன இந்தக் கற்களைச் சோதித்துப் பார்த்துப் பயனில்லை என்று எழுதிவிட்டார்.

"கல் வைத்தார், பிழைத்தார்" என்று சொல்வார்கள். கடித்தது விஷமில்லாத பாம்பாக இருக்கலாம். நாகமே கடித்தாலும் சில நேரம் விஷம் இறங்காது. அவர் கல் இல்லாமலும் பிழைத்திருப்பார்.

கடித்தால் செய்ய வேண்டியது: ஆளை உட்கார வையுங்கள் அல்லது படுக்க வையுங்கள். மோதிரம், வளையல், கடிகாரத்தைக் கழற்றுங்கள், வீங்கினால் இறுக்கும். கடிபட்ட கையையோ காலையோ அசைக்காமல் வைத்து, 999க்கு அழையுங்கள், அல்லது வண்டியில் ஏற்றி நேராக அரசாங்க மருத்துவமனை அவசரப் பிரிவுக்குக் கொண்டு போங்கள். கீறாதீர்கள், வாயால் உறிஞ்சாதீர்கள், கயிறு கட்டாதீர்கள். தூரத்தில் நின்று பாம்பைப் படமெடுக்க முடிந்தால் எடுங்கள், அதைத் துரத்திப் பிடிக்க வேண்டாம். கருநாகம் கண்ணில் பீய்ச்சினால் சுத்தமான தண்ணீரால் நிறையக் கழுவிவிட்டு உடனே போங்கள். மருத்துவமனையில் விஷமுறி மருந்து பற்றிய முடிவை மருத்துவர்கள் எடுப்பார்கள். பினாங்கில் மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்தில் உள்ள தேசிய விஷ மையத்திடமும் அவர்கள் ஆலோசனை கேட்க முடியும்.

மோதிரத்துல வெச்சுப் போட்டா எந்த ராசிக்கு நல்லது?

நவரத்தினத்தை எண்ணுங்கள்: வைரம், வைடூரியம், முத்து, மரகதம், மாணிக்கம், பவளம், புஷ்பராகம், கோமேதகம், நீலம். இதில் நாகமாணிக்கம் இல்லை. ராசிக்கல் போடும் வழக்கம் உள்ளவர்களுக்கும் இது தேவைப்படாது.

ஒருத்தர் கல்லைக் காட்டி, வெளிநாட்டுப் பார்ட்டி லட்சக்கணக்குல வாங்கும், நீங்க சோதனைச் செலவுக்கு மட்டும் பணம் போடுங்கன்னு சொன்னார். கொடுத்துட்டேன். இப்ப என்ன செய்யட்டும்?

வெட்கப்பட்டுக்கொண்டு வீட்டில் மறைக்காதீர்கள். அந்த வெட்கத்தை நம்பித்தான் இவர்கள் தொழில் செய்கிறார்கள். வங்கிக் கணக்குக்கு மாற்றிய பணம் என்றால் உடனே 997க்கு அழையுங்கள். அது தேசிய மோசடித் தடுப்பு மையத்தின் எண். எவ்வளவு சீக்கிரம் அழைக்கிறீர்களோ அவ்வளவு நல்லது. பணம் அடுத்த கணக்குக்குத் தாவுவதற்குள் நிறுத்தப் பார்ப்பார்கள். கையில் கொடுத்த பணம் என்றாலும் போலீசில் புகார் செய்யுங்கள். ஏமாற்றிப் பணம் பறிப்பது தண்டனைச் சட்டம் 420ஆம் பிரிவில் வரும். வாட்ஸ்அப் பேச்சு, ரசீது, கார் எண் எதையும் அழிக்காதீர்கள்.

அடுத்த அழைப்பும் வரும். "பார்ட்டி ஏர்போர்ட்டில் இருக்கிறார், கஸ்டம்ஸுக்கு இன்னும் கொஞ்சம்" என்பார்கள். கொடுத்ததை மீட்க இன்னும் கொடுப்பதில்தான் பலருடைய இ.பி.எஃப். பணமும் பெண்டாட்டி நகையும் போயிருக்கிறது. தோட்டத்தில் நாற்பது வருஷம் உழைத்துச் சேர்த்த பணம் அது. எனக்கு இதைப் பற்றி எழுதும்போதே கோபம் வருகிறது.

அப்ப புத்துக் கோயில்ல பால் ஊத்துறது, நாகம்மாவைக் கும்பிடுறது எல்லாம் மூடநம்பிக்கைன்னு சொல்றீங்களா?

சொல்லவில்லை. நானும் ஆடி மாதம் போகிறேன். காட்டை வெட்டித் தோட்டம் போட்ட காலத்தில், பாம்பும் பயமுமாக வாழ்ந்த நம் ஆட்கள், அடித்துக் கொல்வதற்குப் பதிலாகப் புற்றைக் கட்டிக் கும்பிட்டார்கள். அதற்கு நான் தலை வணங்குகிறேன். பாம்புக்குப் பால் உணவு இல்லை என்பதை மட்டும் நினைவில் வையுங்கள். புற்றின் வாயில் ஊற்றாமல் சிலைக்கு அபிஷேகம் செய்தால் போதும். நாகம்மாவிடம் யாரும் கல் கேட்பதில்லை, பிள்ளைக்காகவும் குடும்பத்துக்காகவும்தான் வேண்டுகிறோம்.

லயத்துக்குள்ள நாகம் வந்துட்டா? கல்லு இல்லைன்னா அடிச்சிடலாம்ல?

விலகி நின்று, அது எங்கே போகிறது என்று பார்த்துக்கொண்டு 999க்கு அழையுங்கள். தீயணைப்பு மீட்புப் படையோ பொதுத் தற்காப்புப் படையோ வந்து பிடித்துக்கொண்டு போகும். பாம்பு வருவது எலிக்காக. செம்பனைக் குலையைக் கடித்து நாசமாக்கும் அதே எலிக்காகத்தான் பல தோட்டங்களில் ஆந்தைக்குப் பெட்டி வைக்கிறார்கள். வீட்டோரம் காய்ந்த மட்டையும் பழைய பலகையும் குவிக்காமல் இருந்தால் எலியும் குறையும், பாம்பும் குறையும்.

பாம்புச் சட்டை கிடைத்தால் பிள்ளைகளுக்குக் காட்டுங்கள். தலைப் பக்கம் பாருங்கள், கண் இருந்த இடத்தில் கண்ணாடி வில்லை மாதிரி இரண்டு வட்டத் தகடுகள் இருக்கும். பாம்புக்கு இமை கிடையாது, அந்தத் தெளிந்த செதில்தான் கண்ணைக் காக்கிறது, சட்டையோடு அதுவும் கழன்று வருகிறது. பாம்பின் தலையிலிருந்து கிடைக்கும் மணி என்று எதையாவது சொல்ல வேண்டுமென்றால் எனக்கு அதுதான்.

என் மக தமிழ்ப்பள்ளியில கதை எழுதுறா. அதுல நாகமாணிக்கம் வெச்சிருக்கா. இல்லாததை எழுதலாமா?

எழுதட்டும்! அது இருக்க வேண்டிய இடமே அதுதான். ஒரே ஒரு யோசனை. முதல் கேள்வியில் சொன்ன கதையை மறுபடி படித்துக் காட்டுங்கள். மாயக்கல் என்றால் எதையும் செய்யும் என்று விட்டுவிட்டால் கதை சப்பென்று போய்விடும். நம் பாட்டிமார் அதற்குக் கட்டுப்பாடு வைத்தார்கள்: தீண்டாத பாம்புக்குத்தான் கிடைக்கும், இரவில்தான் ஒளிரும், வெளியே வைத்தால்தான் பயன், வெளியே வைத்தால் திருடு போகும், திருடினால் ஓர் உயிர் போகும். எடுக்கிறவன் முதலில் ஒரு கொலைக்குத் துணிய வேண்டும். அவன் மரத்தின் மேல் சாணியோடு உட்கார்ந்திருக்கும் அந்த நேரம்தான் கதையின் உயிர்.

பாம்பின் பக்கம் நின்று எழுதச் சொல்லுங்கள். அரண்மனையும் இளவரசனும் வேண்டாம், செம்பனை நிரையும் ஆந்தைப் பெட்டியும் தலைவிளக்கும் போதும். கருநாகத்தை வைக்கட்டும். நம் காட்டுப் பாம்பு கதைக்குள் வந்து ரொம்ப நாளாகிறது.

கடைசியா ஒண்ணு. எங்க பூட்டன் கப்பல்ல வந்தப்ப கொண்டுவந்த கல்லு, நாகமாணிக்கம்னுதான் சாமி அறையில வெச்சிருக்கோம். கண்ணாடின்னு தெரிஞ்சா அம்மா மனசு உடைஞ்சிடும். பார்க்கலாமா, வேணாமா?

விற்கும் எண்ணம் இல்லையென்றால் பார்க்க வேண்டிய அவசியமே இல்லை. பூட்டன் மடியில் கட்டிக்கொண்டு கடல் தாண்டி வந்த கல் என்பதே அதற்குப் போதுமான பெருமை, அந்தப் பெருமையை என் உருப்பெருக்கி கூட்டவும் முடியாது, குறைக்கவும் முடியாது. அதை வைத்துக் கடன் வாங்கவோ, யாருக்காவது மருந்தென்று கழுவிக் கொடுக்கவோ நினைத்தால் மட்டும் முதலில் பார்த்துவிடலாம்.

அம்மாவிடம் அந்தக் கல் எந்த ஊரிலிருந்து, யார் கையிலிருந்து வந்தது என்று கேட்டு எழுதி வையுங்கள். பூட்டன் பெயர், ஊர், இறங்கின துறைமுகம், முதலில் வேலை செய்த தோட்டம், தெரிந்தவரை எல்லாம். அந்தத் தாளையும் டப்பாவுக்குள் போட்டு வையுங்கள்.